கிரியோலில் ஏழு நிமிடம்

பிள்ளைகளே, போன வசந்த காலத்தில் பலேர்மோவின் கால்சாப் பகுதியில் ஒரு பழைய மாளிகையின் முற்றத்துக்கு உங்கள் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு போனேன். மொரிசியஸ் அன்ரி அங்கே தன் கதையை வாசித்தார். திரும்பி வரும்போது சின்னவன் கேட்டான்: "அப்பா, அன்ரி எங்கடை கோயிலுக்கு வாறவ தானே? பிறகு ஏன் ஆப்பிரிக்க எழுத்தாளர் எண்டு போட்டிருக்கு?" அந்த நேரம் பார்த்து பஸ் வந்துவிட்டது. நானும் ஏதோ சொல்லிச் சமாளித்துவிட்டேன். பெரியவளுக்கு இந்தக் கதையில் பாதி தெரியும், அவளும் அதில் இருந்தாள். மற்றப் பாதியில் என் பிழை இருக்கிறது. அதையும் சேர்த்து எழுதித் தருகிறேன். நான் சாதாரண தரப் பரீட்சையோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். எங்காவது வசனம் கோணினால் அம்மாவிடம் கேளுங்கள்.

லிபெர்த்தா வீதியில் நான் வீட்டு வேலை செய்து பராமரிக்கிற வக்கீல் ஐயா நாலாம் மாடியில் இருக்கிறார். அன்ரி அதே கட்டடத்தில் இரண்டாம் மாடியில், நடக்க முடியாத ஒரு வயதான இத்தாலிய அம்மாவோடு, சிஞ்ஞோரா என்போம், தங்கி வேலை செய்கிறார். எங்கள் இரண்டு பேருக்கும் சந்திப்பு மொட்டை மாடியில்தான். உடுப்புக் காயப் போடுகிற கொடிகள் அங்கே இருக்கின்றன. நாங்கள் கதைப்பது இத்தாலியனில். அன்ரிக்குத் தமிழில் ஒரு இருபது சொல் தெரியும்: சாமி, கோயில், காவடி, விபூதி, தம்பி, இப்படி. அதனால் இதில் அவர் பேசுவதை எல்லாம் நம் வீட்டுப் பேச்சுக்கு மாற்றி எழுதுகிறேன்.

அவருடைய பூட்டனார் கரும்பு வெட்டுவதற்காகத் தமிழ் நாட்டுப் பக்கத்திலிருந்து மொரிசியசுக்குக் கப்பலில் போனவர். அன்ரி தைப்பூசத்துக்கு விரதம் இருப்பார், பால்குடம் எடுப்பார். ஆகவே என் கணக்கில் அவர் தமிழ் ஆள். அதற்கு மேல் நான் யோசிக்கவில்லை.

அவர் எழுதுகிறவர் என்பது எனக்கு ஒரு வருடமாகத் தெரியாது. ஏப்ரன் பையில் ஒரு சின்னக் கொப்பி வைத்திருப்பார். பக்கம் தவறாமலிருக்க உடுப்புக் கிளிப் ஒன்றை அதில் கொழுவியிருப்பார். ஒருநாள் கேட்டேன்.

"என்னக்கா, கடைக்குப் போற சிட்டையோ?"

"இல்லைத் தம்பி. பஸ் கண்டக்டர்."

"எந்தக் கண்டக்டர்?"

"என்ரை கண்டக்டர். இப்பதான் ஒரு ஆட்டோடை சண்டை பிடிச்சுக்கொண்டு நிக்கிறான். குழப்பாதை, அந்தப் போர்வையின்ரை மற்றப் பக்கத்தைப் பிடி."

அப்படித்தான் தெரிய வந்தது. பிறகு போர்வை மடிக்கிற நேரமெல்லாம் எனக்கு வகுப்பு மாதிரி ஆகிவிட்டது. வகுப்பு என்றால் அன்ரிக்குக் கோபம் வரும். அவருக்குத் தன் ஊர் எழுத்தாளர்களைப் பற்றிப் பேச ஆள் வேண்டியிருந்தது, நான் அகப்பட்டேன், அவ்வளவுதான்.

"எங்கடை தீவிலை ஒருத்தன் கதை எழுதுறதெண்டால், முதல்லை எந்த மொழியிலை எண்டு வீட்டுக்காரரோடை சண்டை பிடிக்க வேணும்," என்றார் ஒருநாள். "பிரெஞ்சிலை எழுதினால் பாரிசிலை வாசிப்பினம். இங்கிலிஸிலை எழுதினால் பள்ளிக்கூடத்திலை மெச்சுவினம். வீட்டிலை கதைக்கிற கிரியோலிலை எழுதினால் என்ரை அம்மா கேட்டுச் சிரிப்பா. ஆனால் அதை அச்சிலை போட ஆள் இல்லை. சொந்தக் காசிலை அடிச்சு பஸ் ஸ்டாண்டிலை நிண்டு வித்தவை இருக்கினம். நானும் ஒண்டு வித்தனான்."

ஆப்பிரிக்கப் பெருநிலத்திலும் இதே வழக்குத்தானாம். ஆண்டுவிட்டுப் போனவர்களின் மொழியை வாங்கி, அதை வளைத்துத் தங்கள் ஊர்ச் சந்தை மாதிரிப் பேச வைத்தவர்கள் ஒரு பக்கம். பேர் எடுத்த பிறகு அதை விட்டுவிட்டுத் தாயின் மொழிக்குத் திரும்பியவர்கள் மறு பக்கம். ஒருவரை ஒருவர் பத்திரிகைகளில் கிழித்துப் போட்டார்களாம். "ரெண்டு பக்கமும் நல்ல புத்தகங்கள் வந்தது. அதுதான் விசேசம்," என்றார் அன்ரி.

எங்கள் யாழ்ப்பாணத்திலும் பேச்சுத்தமிழில் கதை எழுதியவர்களை ஒருகாலம் பண்டிதர்மார் இழிவாகப் பேசினார்கள் என்று தமிழ் வாத்தியார் வகுப்பில் சொன்னது ஞாபகம் வந்தது. அவ்வளவும் தெரிந்திருந்தும்தான் பிறகு அந்தப் பிழையை விட்டேன்.

கால்சாவில் ஒரு கலாசாரச் சங்கம் ஓர் அறிவித்தல் போட்டது. பலேர்மோவில் இருக்கும் ஆப்பிரிக்க எழுத்தாளர்கள் தங்கள் நாட்டு இலக்கியத்தைப் பற்றிப் பேசி, தங்கள் எழுத்தை வாசிக்கலாம். ஃபோனில் படிவம் நிரப்ப வேண்டும். அன்ரி என்னிடம் வந்தார். எல்லாரும் என்னிடம்தான் வருவார்கள், உங்களுக்குத் தெரியும். கோயில் மண்டபத்தில் என்னைக் கண்டால் ஆட்கள் வணக்கம் சொல்ல முன்னமே பேப்பரை நீட்டுவார்கள். பெர்மெசோ என்கிற வதிவிட அனுமதியைப் புதுப்பிக்கிற படிவத்தைக் கண்ணை மூடிக்கொண்டு நிரப்புவேன் என்று எனக்கு ஒரு பெருமை.

"நீ ஆறுதலாய் நிரப்பு தம்பி, எனக்குச் சூப் அடுப்பிலை," என்று சொல்லிவிட்டு அன்ரி கீழே போனார். நான் கொடிக்குக் கீழே இருந்து நிரப்பினேன். நாடு: மொரிசியஸ். சரி. மொழி என்று ஒரு கட்டம். கிரியோல் என்று எழுதக் கை வரவில்லை. அது ஏதோ உடைந்த பிரெஞ்சு, படிவத்தில் போடுகிற மொழி இல்லை என்று நினைத்தேன். அன்ரியைக் குறைத்துக் காட்டக் கூடாதே என்று, "தமிழ்" என்று எழுதினேன். உங்களைப் பற்றி ஒரு வரி என்று இன்னொரு கட்டம். "இந்திய வம்சாவளித் தமிழ் எழுத்தாளர், இந்து" என்று போட்டேன். படம் கேட்டது. கோயில் திருவிழாவில் சேலை கட்டிப் பால்குடத்தோடு நிற்கிற படம் என் ஃபோனில் இருந்தது. நல்ல படம். அதை ஏற்றி அனுப்பினேன். அன்றைக்கு அவருக்குப் பெரிய உபகாரம் செய்த மாதிரி நடந்து வந்தேன்.

பத்து நாளில் பதில் வந்தது. மிக மரியாதையான கடிதம். இந்த மாலை நிகழ்ச்சி ஆப்பிரிக்க எழுத்தாளர்களுக்கானது, ஆசிய எழுத்தாளர்களுக்கு ஏதாவது நடத்தினால் கட்டாயம் அறிவிக்கிறோம் என்று.

அன்ரி மொட்டை மாடியில் அதை இரண்டு முறை வாசித்தார்.

"நீ என்ன எழுதினனீ?"

ஃபோனைக் காட்டினேன். படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தார். பிறகு ஃபோனை என் கையில் வைத்தார்.

"சிஞ்ஞோரா என்னை எல்லாருக்கும் 'என்ரை இந்தியக்காரி' எண்டுதான் சொல்லுவா. மருந்துக்கடையிலை பங்களாதேஷோ எண்டு கேப்பினம். அவைக்குத் தெரியாது, பரவாயில்லை. உனக்குத் தெரியும். ரெண்டு வருசமாய் என்ரை போர்வையைப் பிடிச்சுக்கொண்டு நிண்டு கேட்டனீ."

அடுத்த நாளிலிருந்து அவர் உடுப்புக் காயப் போடுகிற நேரத்தை மாற்றிவிட்டார். நான் மேலே போனால் கிளிப்புகள் மட்டும் கொடியில் நிற்கும். கொஞ்ச நாளாக என் முகம் சரியில்லை என்று அம்மா கண்டுபிடித்தா. சொன்னேன். "போய்த் திருத்துங்கோவன்," என்றா. அவ்வளவுதான் அம்மா சொன்னது.

சங்கத்தின் அலுவலகம் பொலிதேயாமா தியேட்டர்ப் பக்கம். என் இத்தாலியன் வேலை வீட்டு இத்தாலியன், அங்கே போய் வாதாடப் போதாது என்று பயந்து பெரியவளைப் பள்ளிக்கூடம் விட்டதும் கூட்டிக்கொண்டு போனேன். வழியெல்லாம் நீ என்னைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டு வந்தாய், மகள்.

"அப்பா, அவ கிரியோலிலை எழுதுறா. நீங்கள் தமிழ் எண்டு போட்டிருக்கிறியள். இதை என்னெண்டு நான் அவைக்குச் சொல்லுறது?"

"அப்பா ஒரு மடையன் எண்டு சொல்லு."

"அதை அவை நம்புவினம்."

அங்கே தலைமுடிக்குள் பென்சில் செருகின ஒரு பெண் இருந்தார். நீ கதைக்கத் தொடங்க முன்னம் நானே கதைத்துவிட்டேன். அந்த அன்ரி மொரிசியஸில் பிறந்தவர், அவருடைய மொழி அந்தத் தீவிலேயே பிறந்தது, ஆப்பிரிக்காவிலிருந்தும் மடகாஸ்கரிலிருந்தும் பிடித்துவரப்பட்ட ஆட்கள் அதை உண்டாக்கினார்கள், பிறகு கரும்புக்கு வந்த எங்கள் ஆட்களும் அதற்குள் குடிபுகுந்தார்கள், படிவத்தில் எழுதினதெல்லாம் என் பிழை என்றேன். போர்வை மடித்தபோது காதில் விழுந்தது அப்படியே வந்தது. வினைச்சொல்லெல்லாம் பிழை. நீ ஒன்றையும் திருத்தாமல் நின்றாய்.

அந்தப் பெண் பென்சிலை எடுத்துச் சுவரில் இருந்த பட்டியலைப் பார்த்தார். நிகழ்ச்சி நிரல் நாளை காலை பத்து மணிக்கு அச்சுக்குப் போகிறது. செனகல் கவிஞருக்கும் நைஜீரிய நாவலாசிரியருக்கும் நடுவில் ஏழு நிமிடம் இருக்கிறது. தன்னைப் பற்றிய வரியை எழுத்தாளர் தானே எழுத வேண்டும். ஒரு கதையும் அதன் இத்தாலியனும் வேண்டும்.

"தானே," என்று என்னைப் பார்த்து இன்னொரு முறை சொன்னார்.

வெளியே வந்ததும் நீ என் கையைப் பிடித்து இழுத்துச் சிசிலியப் பேச்சும் தமிழும் கலந்து சொன்னாய்: "அமுனீ அப்பா, கெதியாய் வாங்கோ." அங்கிருந்து லிபெர்த்தாவுக்கு நடந்தே, பாதித் தூரம் ஓடியே போனோம். அன்ரி கதவைத் திறந்து என்னைப் பார்த்தார், பிறகு மூச்சு வாங்குகிற உன்னைப் பார்த்தார். உன்னைத்தான் உள்ளே வரச் சொன்னார். நான் பின்னால் நுழைந்தேன்.

"அக்கா, நான் செய்தது பிழை," என்றேன். "ஏழு நிமிசம் கிடைச்சிருக்கு. இந்த முறை நீங்கள் சொல்லுங்கோ, நான் தொடவும் மாட்டன். பிள்ளை எழுதுவாள்."

அன்ரி அடுப்பைக் குறைத்துவிட்டுக் குசினி மேசையில் இருந்தார். நீ ஃபோனை எடுத்தாய். அவர் யோசிக்கவே இல்லை, பல வருடமாக வாயில் வைத்திருந்த வரி மாதிரிச் சொன்னார்: "மொரிசியஸ்காரி. கிரியோலில் எழுதுகிறேன். வீடுகளில் வேலை செய்கிறேன்."

எனக்கு மனம் கேட்கவில்லை. "தமிழ் எண்டு கடைசியிலையாவது ஒரு சொல்லுப் போடுவமோ அக்கா?"

அவர் என்னைப் பார்த்துத் திரும்பவும் சிரித்தது அப்போதுதான். "தம்பி, தமிழ் என்ரை சாமியறை. குளிச்சுப்போட்டுத்தான் போவன். கிரியோல் என்ரை குசினி. கதை குசினியிலைதான் வரும். உனக்கு இஞ்சை ஒரு கதிரை இருக்கு, பேசாமல் இரு."

அன்றைக்கு இரவு பத்து மணிவரை நீயும் அன்ரியும் அந்தக் கதையை இத்தாலியனாக்கினீர்கள். கண்டக்டரின் ஏச்சை எப்படிச் சொல்வது என்று சண்டை பிடித்தீர்கள். நீ பள்ளிக்கூட முற்றத்தில் கேட்ட சிசிலிய ஏச்சு ஒன்றைச் சொன்னாய். உள்ளேயிருந்து சிஞ்ஞோரா, "அது சரி, அதையே போடுங்கள்," என்று சத்தம் போட்டார். அந்தச் சொல்லை நீ எங்கே படித்தாய் என்று நான் இன்னும் விசாரிக்கவில்லை.

மாளிகை முற்றத்தில் நடந்தது உங்கள் இரண்டு பேருக்கும் தெரியும், ஆனாலும் எழுத ஆசையாக இருக்கிறது. செனகல் கவிஞர் பாடுகிற மாதிரி வாசித்துவிட்டு இறங்கினார். அன்ரி ஏறினார். சேலை இல்லை, நீலச் சட்டை. முதலில் கிரியோலில் வாசித்தார், பிறகு இத்தாலியனில் பெரியவள் வாசித்தாள்.

கதை சின்னது. ஒரு மனுசி கலியாண வீட்டுக்கு ஓர் ஆட்டைப் பஸ்ஸில் ஏற்றுகிறாள். ஆடு சீற்றில் இருக்கிறது, ஆகவே அரை டிக்கெட் வேண்டும் என்கிறான் கண்டக்டர். ஆட்டுக்கு ஐந்து வயசு ஆகவில்லை என்கிறாள் அவள். பஸ் முழுக்கக் கட்சி பிரிந்து கத்துகிறது. கடைசியில் அவள் தோற்று, ஆட்டுக்கு டிக்கெட் வாங்குகிறாள். அடுத்த தரிப்பில் பரிசோதகர் ஏறுகிறார். சண்டையில் ஒருவரும் டிக்கெட் எடுக்கவில்லை. முறைப்படி பயணம் செய்கிற ஒரே ஆள் ஆடுதான். பரிசோதகர் அதை மெச்சித் திரும்புவதற்குள் ஆடு டிக்கெட்டைத் தின்றுவிடுகிறது.

முதலில் பின்வரிசையில் இருந்த மொரிசியஸ்காரர் சிரித்தார்கள். ஒரு மூச்சு கழித்து, பிரெஞ்சு தெரிந்த செனகல் கவிஞர் தொடையில் தட்டினார். பெரியவள் இத்தாலியனில் வாசித்து முடித்தபோது மற்ற எல்லாரும். ஒரே ஆட்டுக்கு மூன்று சிரிப்பு. நான் மூன்றிலும் சேர்ந்தேன், முதல் இரண்டிலும் காரணம் விளங்காமல்.

பிறகு நைஜீரிய நாவலாசிரியர், உயரமான மனுசன், அன்ரியிடம் வந்தார். "அந்தக் கண்டக்டர் எங்கள் ஊர் ரூட்டிலும் வேலை செய்கிறான். எங்கே பிடித்தீர்கள்?" என்று கேட்டார். யாழ்ப்பாணத்து மினிபஸ்ஸிலும் அவன் இருந்தான் என்றேன் நான். "எங்கடை ஆளை எடுக்கப் பாக்கிறியோ, திரும்பவும்?" என்றார் அன்ரி. எல்லாரும் சிரித்தோம்.

ஆகவே சின்னவனே, உன் கேள்விக்குப் பதில் இதுதான். அன்ரி நம் கோயிலுக்கு வருகிறவர். ஆப்பிரிக்க எழுத்தாளர். இரண்டும் உண்மை. இதில் எதை முன்னால் போடுவது என்று சொல்லும் உரிமை அவருக்கு மட்டும்தான்.

நிகழ்ச்சிக்கு அடுத்த நாள் விடிய நான் வழக்கத்தைவிட முன்னதாக வேலைக்குப் போனேன். நிகழ்ச்சி நிரலில் அன்ரி சொன்ன வரி அப்படியே அச்சாகியிருந்த பக்கத்தைக் கவனமாக வெட்டிச் சட்டைப் பையில் வைத்திருந்தேன். கட்டடத்து லிஃப்டுக்குள் தண்ணீர் வெட்டு அறிவித்தலும் சைக்கிள் வைக்கக் கூடாது என்ற அறிவித்தலும் ஒட்டியிருந்தன. கதவைச் சாத்திக்கொண்டு, இரண்டுக்கும் நடுவில், கண் மட்டத்தில் அந்தப் பக்கத்தை ஒட்டினேன். ஒரு மூலை எழும்பி நின்றது. அதை நகத்தால் தேய்த்துப் படிய வைத்துவிட்டு, நாலாம் மாடிக்கு அழுத்தினேன்.