படிகாரத்தின் கன்னம்

பெயரில் காரம் இருக்கிறது, குணத்தில் இல்லை. நாக்கில் வைத்தால் முதலில் லேசாய் ஓர் இனிப்பு, பின்னாலேயே புளிப்பு, அப்புறம் வாயெல்லாம் சுருங்கிப்போகும் துவர்ப்பு. நீல லிட்மஸ் தாளைச் சிவப்பாக்கிவிடும். அமிலக்குணம் கொண்ட இந்த உப்பைப் போய் யார் காரம் என்றார்களோ. படிகாரம். ஊரில் சீனாக்காரம். செம்பூரில் நான் வேலை செய்த பட்டறையில் எல்லாருக்கும் அது பிட்கரி.

அறுபதுகளின் நடுவில் அதைக் காய்ச்சுவதுதான் என் பிழைப்பு. செங்கல் நிறக் கல்லை மாவாக்கி, கந்தக அமிலத்தில் கொதிக்கவிட்டு, மண்டி அடியில் தங்கியதும் தெளிவை இறுத்து, பொட்டாஷ் உப்பைக் கலந்து ஆறப்போட வேண்டும். ஆறிய தொட்டியின் சுவரெங்கும் கண்ணாடிபோலப் படிகாரம் முளைத்திருக்கும். உடைத்து மூட்டை கட்டுவோம். தோல் பதனிட, சாயம் பிடிக்க, கலங்கிய தண்ணீர் தெளிய, சவரக் கத்தி வெட்டிய இடத்தில் ரத்தம் நிற்க என்று நகரமெங்கும் போகும். என் விரல்களும் தோல்தானே, அவையும் பதப்பட்டு வெடித்துக்கிடந்தன. சோறு பிசைந்தால் எரியும். சயானில் பஸ் இறங்கித் தாராவிக்குள் நடக்கையில் உடம்பில் மிச்சம் ஒன்றும் இருக்காது.

அப்படி வந்த ஒரு சாயங்காலம், மகளுக்குக் காய்ச்சல். ஒரு வயது முடியாத பிள்ளை. டாக்டர் கொடுத்த மருந்தைத் துப்பிவிட்டு அழுதுகொண்டே இருந்தாள். என் மனைவி படிகாரத் துண்டால் பிள்ளையைச் சுற்றி அடுப்புக் கங்கில் போட்டாள். யார் கண் பட்டதோ அவர் முகம் அதில் வரும் என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. துண்டு உருகிக் கொதித்து, நுரைத்து, வெள்ளையாய் உப்பி நின்றது. ஒரு பக்கம் மட்டும் கன்னம்போலப் புடைப்பு.

"எதிர்வீட்டு அக்கா," என்றாள் மெதுவாக. "பொயலைய அடக்குன கன்னம். பாருங்க, அப்படியே இருக்கு."

எப்போதும் ஒரு கன்னத்தில் புகையிலை அடக்கியிருக்கும் அந்த அக்காதான் பகலெல்லாம் பிள்ளையை வைத்திருப்பவள். அவளை நம்பித்தான் என் மனைவி மாட்டுங்காவில் ஒரு வீட்டுக்குப் பாத்திரம் தேய்க்கப் போனாள். அந்த வேலை போனால் எங்களுக்கு அடுப்பு எரியாது.

"அதுக்குள்ள தண்ணி இருக்கு. சூட்டுல ஆவியாகி வெளிய வருது, அதான் பொங்குது. எந்தத் துண்டப் போட்டாலும் எங்கயாவது வீங்கத்தான் செய்யும்," என்றேன்.

"கல்லுக்குள்ள ஏது தண்ணி? கல்லு பொய் சொல்லுமா?"

"கல்லு எங்கட்டி பேசிச்சு?"

தகரச் சுவர் எந்தப் பேச்சையும் தடுக்காது. எதிர்வீட்டு அக்கா எங்கள் வாசலில் வந்து நின்று, கங்கிலிருந்ததை எட்டிப் பார்த்தாள்.

"என் மூஞ்சி இம்புட்டு வெள்ளையா இருந்தா நான் ஏன் தாராவில கெடக்கேன்? சினிமாவுல ஆடியிருக்க மாட்டேன்?"

நான் சிரித்துவிட்டேன். மனைவி சிரிக்கவில்லை. அதைப் பார்த்த பிறகுதான் அக்காவின் முகம் மாறியது.

"சரிட்டி. நாளையிலேருந்து நல்ல கண்ணுள்ளவளாப் பாத்து ஒம்பிள்ளைய விடு."

மறுநாள் மனைவி வேலைக்குப் போகவில்லை. அதற்கடுத்த நாளும் இல்லை. காய்ச்சல் அதன் பாட்டுக்குத் தணிந்தது. கண் கழிந்தது என்றாள். வாதாட எனக்குத் தெம்பில்லை. மாட்டுங்கா மாமி, இனியும் வராவிட்டால் வேறு ஆள் பார்ப்பதாகச் சொல்லியனுப்பினாள். நான் அக்காவிடம் போய் நின்றேன்.

"தம்பி, நீ பிட்கரி காய்ச்சுதவன், ஒனக்குத் தெரியுது. அவளுக்குத் தெரியணும்லா," என்றாள்.

அடுத்த காலை, மனைவி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு சந்தின் குறுக்கே நடந்தாள். எதிர்வாசலில் போய் நின்றாள். அக்கா கையை நீட்டினாள்.

"கஞ்சி குடிச்சாளா?"

"குடிச்சா."

மாட்டுங்கா வேலை போகாமல் தங்கியது. ஒருத்தி தலையை ஒருத்தி வாரிவிட்டு ஊர்க்கதை பேசிய இரண்டு பெண்களுக்கு நடுவில் அந்தக் கேள்வியும் பதிலும் மட்டுமே மிஞ்சின. மகள் கஞ்சியை விட்டுச் சோறு தின்னத் தொடங்கிய பிறகும் அக்கா, கஞ்சி குடிச்சாளா என்றே கேட்டாள். குடிச்சா என்றே சொல்லிவிட்டு என் மனைவி ரயிலுக்கு ஓடினாள்.