செல்வராசுக்கு இரண்டு சட்டை

நேற்றுச் சாயங்காலம் ஆரியசாலைக் கடைத்தெருவுக்கு மல்லி வாங்கப் போனேன். பெருங்காய வாசம் மூக்கைப் பிடித்துத் தெருமுனை வரை இழுத்துப் போனது. அங்கே சாக்கடைக்கு ஓடை வெட்டியிருந்தார்கள். செல்வராசின் நினைவுத் தூண்கள் இரண்டையும் காணோம்.

இரண்டு தூண் என்றதும் இரண்டு ஆள் என்று நினைத்துவிடாதீர்கள். ஒரே ஆள்தான். நான் பெருங்காயக் கடையில் வேலைக்கு இருந்தபோது பக்கத்துக் கடையில் மூட்டை தூக்கியவன். அந்நாளில் பஸ்ஸில் என் பக்கத்து இருக்கை எப்போதும் காலியாக இருக்கும். வாசத்தால் என்று தெரியாமல், மரியாதை என்று எண்ணியிருந்தேன். அது போகட்டும். ஒருநாள் முனையில் இரண்டு கட்சிக்காரர்கள் மோதிக்கொண்டார்கள். யாரோ எறிந்த கல் செல்வராசின் நெற்றியில் பட்டது. மறுநாள் போய்விட்டான். எந்தக் கட்சியிலும் இல்லாதவன், செத்த பிறகு இரண்டிலும் சேர்ந்தான். கட்சிக்கு ஒரு தூண் எழும்பியது.

வருஷாவருஷம் அந்த நாளில் காலையில் ஒரு கட்சி கூட்டம் போடும், மாலையில் மற்றது. அவனுக்கு இருந்ததோ கல்யாண வீட்டில் எடுத்த ஒரே கறுப்பு வெள்ளைப் படம். காலைப் பேனரில் அவன் சட்டைக்கு ஒரு நிறம், மாலைப் பேனரில் வேறு நிறம். தமிழர் தெரு என்பதால் பேனரிலும் தூணிலும் மலையாளத்துக்குக் கீழே தமிழிலும் ஒரு வரி வேண்டுமென்று இரு தரப்பாரும் என்னிடமே வந்தார்கள். சோம்பேறித்தனத்தில் ஒரே வரியை இருவருக்கும் எழுதிக் கொடுத்தேன். யாரும் கண்டுபிடிக்கவில்லை. படித்தால்தானே!

படித்தது அவனுடைய அக்கா செல்லம்மை மட்டும்.

“லே, கொள்கைக்கு உயிரக் குடுத்தவன்னு எழுதியிருக்க? எனக்க தம்பி சாயா குடிக்கப் போனவனாக்கும். அத எழுது.”

காலைக் கட்சிச் செயலாளரிடம் சொன்னேன்.

“அண்ணாச்சி, சாயா குடிக்கப் போனவனுக்கு யாரெங்கிலும் தூண் வைப்பாங்களா?”

மாலைக் கட்சிக்காரர் தாராளமானவர். “எழுதலாமே. கல்ல எறிஞ்சது அவங்கன்னும் சேத்து எழுதும்.”

வரி மாறவில்லை. அக்காவும் விடவில்லை. இரண்டு கூட்டத்திலும் முன்வரிசையில் உட்கார்ந்து, “பொய்யம்மாரே!” என்று உரக்கத் திட்டுவாள். அவர்கள் மைக்கின் சத்தத்தைக் கூட்டுவார்கள்.

பழைய தலைவர்கள் ஒவ்வொருவராகப் போனார்கள். அவர்கள் பிள்ளைகள் கழக்கூட்டம் என்ற ஊருக்குக் கம்ப்யூட்டர் வேலைக்குப் போய்விட்டார்கள். போன வருஷம் இரண்டு கூட்டத்திலும் ஆட்களைவிட நாற்காலிகள் அதிகம்.

தூண்களைத் தேடிக் களைத்து அக்கா வீட்டுக்குப் போனேன். துவைத்த முண்டும் தோளில் நேரியதும் உடுத்து வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாள். கூட்டம் போடும் அந்த நாள் நேற்றுதான் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

“தூணப் பேத்துட்டாங்க அக்கா.”

திட்டப் போகிறாள் என்று காதைத் தயாராக வைத்துக்கொண்டேன். அவள் தெருவைத்தான் பார்த்தாள்.

“வெயில் சாஞ்சாச்சு. சாயங்காலத்துக்காரனுவளும் வரமாட்டானுவளா மக்கா?”