புதுக்கடைக்குப் போன வழியும் இரண்டு தையும்

பொருட்தடை நீங்கி யாழ்ப்பாணக் கடைகளில் சவர்க்காரமும் பற்றரியும் மறுபடி தலைகாட்டிய வருடம் அது, தொண்ணூற்றைந்து. அதே வருடக் கடைசியில் வலிகாமத்துச் சனம் முழுக்க இடம்பெயர்ந்து நாவற்குழிப் பாலம் கடந்தது. இரண்டுக்கும் நடுவே சில மாதம் சண்டை நின்றிருந்தது. அப்போதுதான் நான் நீர்வேலியிலிருந்து கொழும்புக்கு, நாட்டின் கடைசி நீதிமன்றமான உயர் நீதிமன்றத்துக்குப் போனேன். அதே வாசலுக்குப் போக நினைப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன். எனக்கு எழுத்துத் தெரியாது, நான் சொல்லச் சொல்ல மருமகள் தட்டெழுதுகிறாள்.

சிவராத்திரியன்று காலை இணுவில் பொன்னம்மா என் வீட்டு வாசலில் வந்து நின்றாள். கொழும்பு வெள்ளவத்தையில் என் தம்பி சிவராசா இருந்த விடுதியில் அவள் சமையல். "அண்ணை, சிவராசாவைப் பொலிசு கொண்டு போட்டுது. ஏனெண்டும் சொல்லேல்லை, எங்கையெண்டும் சொல்லேல்லை," என்றாள். கோயிலுக்குப் போய்த் திரும்பும் வழியில், கூடப் போன அவள் கண் முன்னாலேயே. அவனோடு வந்த இரண்டு பெடியளையும் கொண்டுபோனார்களாம். அவர்களின் ஊர் எதுவென்று அவளுக்குத் தெரியாது.

யாழ்ப்பாணத்தை விட்டு வெளியே போக இயக்கத்தின் அனுமதி கிடைக்க நாலு நாள் பிடித்தது. சனிக்கிழமை விடிய ஐந்து மணிக்குச் சைக்கிளில் கடலேரிக் கரையான கிளாலிக்குப் புறப்பட்டோம். இருபது மைலுக்குக் கொஞ்சம் குறைவு. பொன்னம்மா பின்னுக்கு, ஒரு கதலிக் குலை முன்னுக்கு. ஒன்பதரைக்கு வள்ளம். ஆளுக்கு நூறு ரூபா. ஒரு மோட்டர் வள்ளம் மற்ற நாலைக் கயிற்றில் இழுத்துப் போகும். கடப்பதற்கு இரண்டு மணித்தியாலம். கால் நனையும், செருப்பைக் கையில் வைத்திருப்பது நல்லது.

"ஐயா, கோட்டுக்கு வாழைக்குலையோ? நீதவானுக்கோ?" என்று கேட்டான், எங்கள் பயணத்தை விசாரித்து அறிந்த வள்ளக்காரன்.

"உவர் குலையைக் காட்டித்தான் வழக்கு வெல்லப்போறார்," என்றாள் பொன்னம்மா. எனக்கும் சிரிப்பு வந்தது.

அக்கரையில் உழவு இயந்திரம், பிறகு வான், பிறகு தாண்டிக்குளம் வரை நடை. வவுனியாவில் ஆமிக்காரர் பதிந்து விட இரண்டு நாள். ரயிலேறிச் செவ்வாய் விடியக் கொழும்புக் கோட்டையில் இறங்கினோம். அங்கிருந்து, நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடை நடக்கிற தூரம்தான். கறுப்புக் கோட்டுக் கூட்டத்துக்குள் ஒரு தமிழ் அப்புக்காத்தரை, அதாவது வழக்கறிஞரை, பொன்னம்மாதான் விசாரித்துக் கண்டுபிடித்தாள்.

அவர் பேனையைத் திறந்தார். "எண்டைக்குப் பிடிச்சவை?"

"தை இருபத்தெட்டு," என்றேன்.

பேனை நின்றது. "ஐயா, அடிப்படை உரிமை மனு ஒரு மாசத்துக்குள்ளை போடவேணும். சட்டத்திலை எழுதிக் கிடக்கு. உங்கடை மாசம் போன செவ்வாயே முடிஞ்சுது."

கதிரையில் இருந்தவன் எழும்பிவிட்டேன். போவதற்குக் குலையைத் தூக்கினேன்.

பொன்னம்மா அசையவில்லை. "எப்பிடி முடியும்? தைக் கடைசி வெள்ளி அண்டைக்குத்தானே பிடிச்சவை. அவன் நெத்தியிலை விபூதி காயேல்லை."

அப்புக்காத்தர் சுவர்க் கலண்டரைத் திரும்பிப் பார்த்தார். "ஜனவரி இருபத்தெட்டு சனியல்லோ? ஐயா, நீங்கள் எந்தத் தையைச் சொல்லுறியள்?"

"ஒரு தைதானே கிடக்கு?"

அவர் சிரித்தார். "வயலிலை ஒண்டு. கந்தோரிலை ரண்டு."

எங்கள் ஊரில் கந்தோரில் எழுத்து வேலை செய்யும் படித்தவர்கள் ஜனவரியையும் தை என்றே எழுதுவார்கள். நான் சொன்னது பஞ்சாங்கத் தை; பொங்கலன்று தொடங்குவது. பொங்கலிலிருந்து விரல் விட்டு எண்ணினார். பெப்ரவரி பத்து, வெள்ளி. மார்ச் பத்துக்கு இன்னும் மூன்று நாள் மிச்சம் இருந்தது.

சத்தியக் கடதாசியை எழுதி வாசித்துக் காட்டினார். நான் பெருவிரல் வைத்தேன், பொன்னம்மா கையெழுத்து வைத்தாள். வியாழன் மனு உள்ளே போனது. மற்ற இரண்டு பெடியளுக்கும் போடச் சொல்லிக் கேட்டேன். "உரிய ஆக்கள் வரவேணும் ஐயா. பேரும் முழுசாத் தெரியாமல் நான் என்னெண்டு போடுறது?" என்றார். வெள்ளி பின்னேரம் நீதிமன்றக் கதவு சாத்துவதை நான் வெளியே நின்று பார்த்தேன். அந்தப் பெடியளின் ஒரு மாதமும் அதோடு முடிந்தது.

வழக்கை அழைத்த அன்று மூன்று நீதியரசர்கள் இருந்தார்கள். கதைத்தது எல்லாம் ஆங்கிலம். அவர்கள் கேட்டுத்தான் தம்பி இருக்கிற இடம் வெளியே வந்தது. கொழும்பிலேயே தங்கிவிட்டேன், தீர்ப்பு வர மாதங்கள் பிடித்தன. ஒருவனைப் பிடித்தால் ஏன் பிடித்தது என்று அவனுக்கு விளங்கும் பாசையில் சொல்லவேண்டும், சொல்லாதது அவன் உரிமையை மீறியது என்றார்கள். "இனி ஆரைப் பிடிச்சாலும் இதைக் காட்டிக் கதைக்கலாம்," என்றார் அப்புக்காத்தர். தம்பிக்குச் சிங்களம் 'கொஹொமத' என்று சுகம் கேட்பதற்கு மேல் தெரியாது. அவனிடம் சிங்களத்தில்தான் கத்தினார்களாம், வெளியே வந்தபிறகு சொன்னான்.

போகிறவர்களுக்கு: எட்டு மணிக்கு முன் வாசலில் நில்லுங்கள். அடையாள அட்டையை மறக்க வேண்டாம். பிடித்ததைக் கண்ணால் கண்டவரையும் கூட்டிப் போங்கள். ஒரு மாதம் என்ற கணக்கு இன்றும் அப்படியே இருக்கிறது. நாளைச் சொல்லும்போது கிழமையையும் சேர்த்துச் சொல்லுங்கள். மாதம் இரண்டு இருக்கலாம், வெள்ளி ஒன்றுதான்.

அப்புக்காத்தர் காலமாகிப் பத்து வருடத்துக்கு மேல். பொன்னம்மா போன மாரியில் போனாள். அந்த இரண்டு பெடியளும் எங்கே என்று இன்று வரை ஒருவரும் சொல்லவில்லை. அந்த வெள்ளிக்கிழமை கோயிலிலிருந்து திரும்பி வந்தவர்களில் இன்று உயிரோடு இருப்பதாகத் தெரிந்தவன் என் தம்பி சிவராசா மட்டும்தான்.