நெவில் போடாத கோல்

நெவில் என்ட்விஸ்ல் பதினான்கு வருடம் நான்காம் டிவிஷன் கால்பந்து அணி ஒன்றின் தடுப்பாட்டக்காரன். வந்த பந்தை அரங்கக் கூரைக்கு மேல் உதைத்தே பேர் வாங்கினான். மனமோ ஒரேயொரு கோலுக்காக ஏங்கிக் கிடந்தது.

முழங்கால் கெட்டு அவன் ஓய்வு பெற்றபோது, அவனுக்காக நடத்திய பிரியாவிடை ஆட்டத்தில், வழக்கப்படி ஒரு பெனால்டியைச் சும்மாவே கொடுத்தார்கள்.

எதிரணி கோல்கீப்பர் டெரெக் கிசுகிசுத்தான். "நான் உனக்கு இடப்பக்கமா விழறேன்டா. நீ வலப்பக்கம் தட்டிவிடு, போதும்."

சொன்னபடியே விழுந்தான். வலை திறந்து கிடந்தது. பாழாய்ப்போன கால் பழக்கத்தை விடவில்லை. பந்து கூரையைத் தாண்டிப் பறந்தது.

"கடைசி வரைக்கும் நம்மாளு மாறலடோய்!" கூட்டம் சிரித்துக் கைதட்டியது.

"இன்னொண்ணு அடிடா, யாரு கேக்கப்போறா?" என்றான் டெரெக்.

"வேணாம்டா. நீ நெசமாத் தடுத்து, அதையும் மீறிப் போனாத்தான் அது கோலு."

கண்ணீர் மறைத்த அந்த வலையை விட்டு நெவிலால் நகரவே முடியவில்லை.