தறிச் சத்தத்தில் பேசிய ரகசியம்

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. சோமனூர் பக்கம் எங்கள் ஊரில் அப்பா பன்னிரண்டு விசைத்தறி போட்டிருந்தார். அங்கே தறி ஓட்ட வந்தவரைத்தான் நான் விரும்பினேன். நாங்கள் தோட்டம் துரவு உள்ளவர்கள். அவர் வீட்டாரோ எங்களைப் போன்றவர்களின் காட்டில் தலைமுறையாகக் கூலி வேலை செய்தவர்கள். விஷயம் வெளியே தெரிந்தால் அவர் உயிர் தப்பாது.

டீ கொடுக்கும் சாக்கில் தறி குடோனுக்குப் போவேன். அந்தச் சத்தத்தில் கத்தினாலே கேட்காது. அந்தத் தைரியத்தில், வெள்ளிக்கிழமை அவிநாசியில் தாலி கட்டிக்கொள்வது என்று இருவரும் பேசி முடித்தோம். திரும்பினால், நூலைத் தார்க்குச்சியில் சுற்றும் அக்கா எங்களையே பார்த்துக்கொண்டிருக்கிறார்! தறியில் வேலை செய்பவர்கள் உதட்டசைவைப் பார்த்தே முழுப் பேச்சையும் புரிந்துகொள்வார்கள். தறிக்கார வீட்டில் பிறந்தும் அதை மறந்துபோன மடச்சி நான்.

அதுவும் யார் கண்ணில் பட்டிருக்கிறது? ஊர் வம்புக்கே மொத்த வியாபாரி அந்த அக்கா. மூன்று நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை. கிளம்பும்போது வாசலில் அப்பா. "எங்க அம்மணி கெளம்பீட்ட?" நான் வாய் திறப்பதற்குள் பின்னாலிருந்து அக்காவின் குரல் வந்தது.

"நாந்தானுங்க மொதலாளி கூப்புட்டேன். அவிநாசிக் கோயில்ல ஒரு வேண்டுதலுங்க. தொணைக்கு அம்மணியக் கூட்டீட்டுப் போயிட்டு வாரனுங்க."

அக்காவின் வாயில் எதுவும் தங்காது என்பது ஊரறிந்த சேதி. அதனாலேயே அப்பா சந்தேகப்படவில்லை.

பஸ்ஸில் அழுதுகொண்டே கேட்டேன், "ஏனுங்கக்கா இப்படி?"

"முன்னால ஒரு புள்ள ஒருத்தனோட பழகுனதப் பத்திப் பேசிப்போட்டேன் கண்ணு. அது கெணத்துல உழுந்துருச்சு. அதுலிருந்து எதை வேணாலும் பேசுவேன், இதை மட்டும் பேசறதில்ல."

நாத்தனார் போட வேண்டிய மூன்றாவது முடிச்சை அக்காவே போட்டார். எங்களைப் பீளமேட்டில் தெரிந்தவர் வீட்டில் விட்டுவிட்டு, தனியாக ஊர் திரும்பினார். அக்காவின் வேலை போயிற்று. ஊரே கூடி ஏசியது. நாங்கள் எங்கே இருக்கிறோம் என்று மட்டும் அவரிடமிருந்து யாராலும் வாங்க முடியவில்லை.

இன்றும் யாரைப் பற்றியாவது பேச்சு நாக்கு நுனி வரை வந்தால் அக்காவின் முகம் வந்து நிற்கும், சட்டென்று நிறுத்திவிடுவேன். நானும் என் கணவரும் இத்தனை வருடம் உயிரோடு சேர்ந்திருப்பது, ஊர் வம்புக்காரி ஒருத்தி எங்களுக்காக வாயை மூடிக்கொண்டதால்தான்.