கஞ்சியும் குண்டுமழையும்

முழங்கால் தண்ணீரில் கவுனைத் தூக்கிச் செருகிக்கொண்டு, பிள்ளை பெற்றவளைக் கட்டிலோடு தூக்கச் சொன்ன எங்கள் மேட்ரனைத்தான் வெள்ளம் என்றதும் நினைத்துக்கொள்கிறேன். வண்ணார்பேட்டையில் ஆற்றை ஒட்டியிருந்த சிறிய ஆஸ்பத்திரியில் நான் அப்போது நர்ஸ். எங்கள் தலைமை நர்ஸான அந்த மேட்ரன் லண்டனில் பிறந்தவர். இங்கேயே பல வருஷம் வாழ்ந்து எங்கள் ஊர்த் தமிழே பேசுவார்.

அன்று ஆறு உள்ளே வந்ததும் எல்லாரையும் மாடிக்குக் கொண்டுபோய்விட்டோம். சாலை மூழ்கிவிட்டதால் டாக்டர் வர வழியில்லை. அந்த நேரம் பார்த்து, ராதாபுரத்திலிருந்து தலைப்பிரசவத்துக்கு வந்திருந்த பெண்ணுக்கு வலி கண்டது. "நான் பொழைக்க மாட்டேன் மேட்ரனம்மா" என்று அழுதாள்.

மேட்ரன் அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். "பைய மூச்சு விடு தாயி. நான் சின்னப்பிள்ளையா இருக்கையில சண்டை வந்துட்டு. குண்டு போட விமானம் வருதுன்னு சங்கு ஊதுனா, எங்கம்மா எங்களைப் பூமிக்கடியில இருக்க ரயில் ஸ்டேஷனுக்குக் கூட்டிட்டுப் போவா. தெருவே அங்கன படுத்துக் கெடக்கும். மேல குண்டு விழும், கீழ ஒருத்தன் பாடுவான். விடிஞ்சதும் வீடு இருக்கான்னு போய்ப் பாப்போம். இருந்தா டீ போடுவோம்."

"இல்லைன்னா?"

"பக்கத்து வீட்டுல குடிப்போம்."

வலிக்கு நடுவே அந்தப் பெண் சிரித்துவிட்டாள். சண்டை நாட்களில் எல்லாமே ரேஷனில் அளந்துதான் கிடைக்கும் என்றும், வெங்காயம் கண்ணிலேயே படாத அந்தக் காலத்தில் தன் பிறந்தநாளுக்கு மாமா ஒரே ஒரு வெங்காயத்தை ரிப்பன் கட்டிக் கொடுத்தார் என்றும் மேட்ரன் சொன்னபோது, வெறுங்கஞ்சி குடித்துக்கொண்டிருந்த மாடி முழுக்கச் சிரிப்பு.

பொழுது சாய்வதற்குள் பெண்குழந்தை பிறந்தது. குழந்தையை என்னிடம் கொடுத்துவிட்டுத் திரும்பிய மேட்ரனின் கைகள் நடுங்குவதைப் பார்த்தேன்.

"ஒங்களுக்குமா பயம்?"

"பின்ன? லண்டன்லயும் பயந்தான். எங்கம்மாவுக்கும் பயம், பாடுனவனுக்கும் பயம். ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பாத்து, பயமில்லாத மாதிரி இருந்தோம். அப்படியே சண்டையும் முடிஞ்சு போச்சு" என்று சொல்லிவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டார்.

சமீபத்திய வெள்ளத்தில் என் தெருவுக்குள் ஆறு வந்தது. கீழ்வீட்டுக்காரர்கள் குழந்தைகளோடு என் மாடிக்கு ஏறி வந்தார்கள். படியில் தண்ணீர் ஏறிக்கொண்டே இருந்தது. எனக்கும் பயந்தான்.

"சிஸ்டரம்மா, இதுக்கு மேல ஏறாதுல்லா?" என்று கீழ்வீட்டுப் பெண் கேட்டாள்.

"ஏறுனா மொட்டைமாடி இருக்கு தாயி. மொதல்ல அந்தப் பெரிய பானைய எடு, எல்லாருக்கும் கஞ்சி வைப்போம்" என்றேன். அவள் பானையைத் தேடி எழுந்தாள்.