"கொண்டுபோட்டாங்கள்" என்ற சொல்

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு கல்லூரியில் வரலாறு நடத்துகிறேன். இனப்படுகொலையில் தப்பிப் பிழைத்தவர்கள் எதை நினைவில் வைத்திருக்கிறார்கள், அதை எப்படிச் சொல்கிறார்கள் என்பதுதான் என் ஆய்வு. அதனால் ஆவணப்படக்காரர்கள் அவ்வப்போது என்னைத் தேடி வருவார்கள். புத்தக அலமாரிக்கு முன்னால் உட்கார வைத்து விளக்கம் சொல்லச் சொல்வார்கள். சொல்லியிருக்கிறேன். அதில் பெருமையும் பட்டிருக்கிறேன்.

ஈழத்துக் கடைசிப் போரைப் பற்றிப் படம் எடுக்க இரண்டு வருடங்களுக்கு முன் சென்னையிலிருந்து ஓர் இயக்குநர் வந்தார். முப்பத்தைந்து வயதிருக்கும், மரியாதையான பேச்சு. அவரை நான்தான் ஓர் அக்காவிடம் அழைத்துப் போனேன். வன்னியிலிருந்து தப்பி வந்தவர். அகதி முகாமிலிருந்து டவுன் பஸ் பிடித்து வந்து ராஜபாளையத்தில் ஒரு பேண்டேஜ் கம்பெனியில் துணி மடிக்கும் வேலை பார்க்கிறார். என்னிடம் வாய் திறக்கவே அவருக்கு இரண்டு வருடம் ஆனது. கேமராவுக்கு முன்னால் ஒரே மதியத்தில் பேசிவிட்டார். பக்கத்தில் நான் இருக்கிறேன் என்ற ஒரே தைரியத்தில்தான்.

அதில் பிள்ளையைப் பற்றிச் சொன்னது இரண்டே வாக்கியம்: "சோறு வடிக்க பங்கருக்கு வெளியில வந்த நேரம் ஷெல் அடிச்சு என்ர பிள்ளையைக் கொண்டுபோட்டாங்கள். நான்தான் என்ர ரெண்டு கையாலயும் தோண்டித் தாட்டனான்." பங்கர் என்றால் பதுங்குகுழி. தாட்டனான் என்றால் புதைத்தேன். கேமராக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அக்கா அழவில்லை.

படம் முடிந்து, வெளிநாடு உட்பட மூன்று இடங்களில் திரையிட்ட பிறகுதான் எனக்கு அனுப்பினார்கள். ஆலோசகர் என்று என் பேரும், நான் விளக்கம் சொல்லும் பகுதியும் இருந்தன. வீட்டில் மடிக்கணினியில் பார்த்தேன். அக்கா வந்தார். முதல் வாக்கியம் சொன்னார். கீழே ஆங்கிலத்தில், என் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள் என்று ஓடியது. இரண்டாவது வாக்கியமே இல்லை. வெட்டிவிட்டு, தூரத்துக் கடலைக் காட்டினார்கள்.

நாம் 'ஒன்று' என்பதை ஈழத்தில் 'ஒண்டு' என்பார்கள். 'கொன்று' என்பது 'கொண்டு' ஆகும். கொண்டுபோட்டாங்கள் என்றால் கொன்றுபோட்டார்கள். சென்னையில் உட்கார்ந்து மொழிபெயர்த்தவருக்கு அது தெரியவில்லை. தெரியாதது குற்றமில்லை. கேட்கலாமே? கேட்பதற்குத்தானே என்னை ஆலோசகர் என்று போட்டிருக்கிறது?

உடனே இயக்குநருக்குப் போன் செய்தேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

"மேடம், உண்மையா சொல்றேன், எடிட்டிங் முடியும்போதே ஒருத்தர் இதைச் சொன்னாரு. ஆனா இதுல ஒரு காத்திருப்பு இருக்கு. அம்மா கடலையே பாக்குற மாதிரி. வெளிநாட்டுல அந்த சீனுக்கு எல்லாரும் அழுறாங்க."

"அவங்க காத்திருக்கலை. புதைச்சிருக்காங்க."

"ரெண்டுலயும் பிள்ளை இல்லதானே மேடம்?"

போனை வைத்துவிட்டேன். காணாமல்போன பிள்ளைகளின் படத்தை நெஞ்சில் ஏந்தி வெயிலில் நிற்கும் தாய்மார் ஈழத்தில் இருக்கிறார்கள். அவர்கள் துயரம் வேறு, அக்காவின் துயரம் வேறு. ஒன்றை எடுத்து இன்னொன்றின் மேல் ஒட்ட இந்த இயக்குநருக்கு யார் உரிமை கொடுத்தது? கொன்றவனைத் தப்பவிடுவதற்குப் பொய் சொல்ல வேண்டியதில்லை. ஒரு வினைச்சொல்லை மாற்றினால் போதும்.

மறுநாள் ராஜபாளையம் போனேன். கம்பெனி வாசலில் மேஸ்திரி, "எம்புட்டு நேரம் ஆவும்மா? செத்த நேரத்துல விட்ருங்க" என்று அக்காவை அனுப்பிவைத்தார். அக்காவின் தலைமுடியில் பஞ்சு ஒட்டியிருந்தது. நடந்ததைச் சொல்லி, என்னால்தான் வந்தது, மன்னிச்சிருங்க அக்கா என்றேன். அவர் என் மன்னிப்பைக் காதில் வாங்கவே இல்லை.

"தூக்கிக்கொண்டு போனவங்கள் எண்டா, டீச்சர், நான் இவ்வளவு நாளும் தேடியெல்லோ திரிஞ்சிருக்க வேணும்? பிள்ளையைத் தேடாமல் இஞ்ச வந்து துணி மடிச்சுக்கொண்டிருக்கிறன். பார்க்கிற சனம் என்னை என்ன தாய் எண்டு நினைக்கும்?"

எனக்கு இது தோன்றவே இல்லை. இத்தனை வருடம் படித்து எழுதி என்ன?

என் போனை வாங்கி அவரே இயக்குநரிடம் பேசினார். "தம்பி, கொலை எண்டு போடுங்கோ. இல்லாட்டி என்ர முகத்தை எடுத்துப்போடுங்கோ." அவ்வளவுதான். போனைத் திருப்பித் தந்துவிட்டு உள்ளே போய்விட்டார்.

நானும் ஒரு கடிதம் எழுதினேன்: திருத்தாவிட்டால் என் பேரை எடுங்கள், படத்தைத் திரையிட்டவர்களுக்கும் எழுதுவேன். ஒரு மாதம் கழித்துப் புதுப் பிரதி வந்தது. சப்டைட்டிலில் 'கொன்றார்கள்' என்று இருந்தது. நான் பேசிய பகுதி மொத்தமும் போயிருந்தது. நேரம் போதவில்லையாம். கடல் அப்படியே இருந்தது. புதைத்த வாக்கியம் வரவில்லை.

சில மாதங்களில் ஸ்ரீவில்லிபுத்தூரிலேயே ஒரு சின்ன அரங்கில் திரையிட்டார்கள். அக்காவைக் கூப்பிட்டேன். "எனக்கு வேலை இருக்கு. நீங்கள் போங்கோ. அந்தத் தாட்ட கதையை அவையளுக்குச் சொல்லிப்போடுங்கோ" என்றார்.

படம் முடிந்ததும் இயக்குநர் மேடையில் பேசினார். ஒவ்வொரு சொல்லையும் தங்கள் குழு மொழி அறிந்தவர்களிடம் கேட்டுக் கேட்டுச் செதுக்கியதாகச் சொன்னார். கைதட்டினார்கள். நான் எழுந்தேன். "அந்த அம்மா இன்னொரு வாக்கியமும் சொன்னாங்க. படத்துல இல்லை. சொல்லச் சொல்லி என்னை அனுப்பியிருக்காங்க" என்று, அவர் சொன்னபடியே, அவர் பேச்சிலேயே சொன்னேன். பிறகு அதற்கு அர்த்தம் சொன்னேன். யாரும் கைதட்டவில்லை. இயக்குநர் தலை குனிந்து மைக்கின் வயரைச் சரிசெய்துகொண்டிருந்தார்.

வெளியே வரும்போது ஏற்பாட்டாளர் ஒருவர் அருகில் வந்தார். "நியாயம்தான் மேடம். ஆனா இம்புட்டுக் கோவப்படாம சொல்லியிருக்கலாம்."

கோபப்படாமல் அதை எப்படிச் சொல்வது என்று எனக்கு இன்றைக்கும் தெரியவில்லை.